ஓ, ஜோலார்பேட்டையா?

ராத்திரி ஒன்றரை மணிக்கு ரயில் நிற்கும். தூங்கும் வகுப்புப் பெட்டியில் ஒரு ஜன்னலின் ஷட்டர் பாதி உயரும். கலைந்த தலை ஒன்று எட்டிப் பார்க்கும்.

"ஏம்ப்பா, இது எந்த ஊரு?"

டீ கேனோடு ஓடுகிறவர் நிற்காமலே சொல்வார். "ஜோலார்பேட்டை சார். டீ வேணுமா?"

"ஓ."

ஷட்டர் இறங்கிவிடும்.

எங்கள் ஊரின் வரலாறு இவ்வளவுதான். இதற்கு மேல் எழுதுவதெல்லாம் விளக்கவுரை. ஆனால் உரையாசிரியர்கள் இல்லாவிட்டால் தமிழில் மூலத்தை யார் சீந்தியிருப்பார்கள்? அதனால் எழுதுகிறேன்.

"உங்க ஊரு எங்க இருக்கு?" என்று கேட்டால் நாங்கள் உடனே பதில் சொல்லமாட்டோம். கேட்பது யார் என்று பார்ப்போம். சென்னை 214 கிலோமீட்டர், பெங்களூர் 145 கிலோமீட்டர். பெண் பார்க்க வருகிறவர்களிடம் "பெங்களூருக்குப் பக்கம்" என்போம். வெயிலைப் பற்றிப் புலம்பும்போது "வேலூருக்குப் பக்கம்" என்போம். பிரியாணி பேச்சு வந்தால் "ஆம்பூர் பக்கம்தான்" என்று நாக்கு தானாகச் சொல்லும். மனை விற்கிறவர்கள் மட்டும் எல்லாவற்றுக்கும் பக்கம் என்பார்கள். ஆக, எல்லா ஊருக்கும் பக்கத்து ஊர் நாங்கள். எங்களுக்குப் பக்கத்தில் இருப்பதாக எந்த ஊரும் இதுவரை சொன்னதில்லை.

முதலில் ரயிலுக்கு முந்தைய காலத்தை முடித்துவிடலாம். அதிகம் இல்லை.

இந்தச் சீமைக்குப் பாரமகால் என்று பெயர். பன்னிரண்டு கோட்டைகள் இருந்ததால் அந்தப் பெயர் என்பார்கள். அந்தப் பன்னிரண்டு எவை என்று கேட்டால் ஆளுக்கொரு பட்டியல் வைத்திருக்கிறார்கள். கிருஷ்ணகிரி உண்டு, ஜெகதேவி உண்டு, சிலர் பட்டியலில் திருப்பத்தூரும் வாணியம்பாடியும்கூட உண்டு. யார் பட்டியலிலும் ஜோலார்பேட்டை கிடையாது. கோட்டை கட்டுகிற அளவுக்கு எங்களுக்குப் பகையும் இல்லை, பகைவன் வந்து அள்ளுகிற அளவுக்குப் பண்டமும் இல்லை.

கர்நாடகப் போர் என்று பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்தோமே, அதில் பெரிய சண்டை ஒன்று எங்களிடமிருந்து முப்பது கிலோமீட்டர் சொச்சத்தில் நடந்தது. 1749 ஆகஸ்ட் 3, ஆம்பூர். ஆற்காட்டு நவாப் அன்வருதீன் கான் ஒரு பக்கம். "அந்த நாற்காலி எனக்கு" என்று சந்தா சாகிப் மறுபக்கம். கூடவே, நிஜாம் நாற்காலி தனக்கு என்று முசாபர் ஜங். இரண்டு நாற்காலிக்கும் பின்னால், தச்சுக்கூலி வாங்கக் காத்திருந்த புதுச்சேரி டூப்ளேயின் பிரெஞ்சுப் படை. அன்வருதீன் யானைமேல் இருந்தபடியே குண்டடிபட்டுச் செத்தார். மகன் முகமது அலி திருச்சிக்கு ஓடினார். ஆம்பூர் சரித்திரத்தில் ஏறி உட்கார்ந்துவிட்டது. அன்றைக்கு ஏலகிரி அடிவாரத்தில் எங்கள் ஆட்கள் என்ன செய்திருப்பார்கள்? கேழ்வரகுக்குக் களை எடுத்திருப்பார்கள். வெடிச்சத்தம் காதில் விழுந்திருந்தால், மழை வருமா என்று வானத்தைப் பார்த்திருப்பார்கள்.

அடுத்த வாய்ப்பு 1767-இல் வந்தது. ஹைதர் அலி ஆம்பூர் மலைக்கோட்டையைக் கிட்டத்தட்ட ஒரு மாதம் முற்றுகையிட்டார். உள்ளே கேப்டன் கால்வெர்ட் என்ற வெள்ளைக்காரர் பிடிவாதமாக உட்கார்ந்திருந்தார். கர்னல் ஸ்மித் உதவிக்கு வந்ததும் ஹைதர் வாணியம்பாடிப் பக்கம் பின்வாங்கினார். அங்கேயும் ஒரு மோதல். ஆம்பூர், அடுத்தது வாணியம்பாடி என்று சரியான வரிசையில் வந்தவர், இன்னும் ஒரு பதினாறு கிலோமீட்டர் வந்து சண்டை போட்டிருந்தால் இன்று எங்கள் ஊரிலும் ஒரு நினைவுத்தூண் இருந்திருக்கும், அதன் நிழலில் சீட்டாட வசதியாக இருந்திருக்கும். செய்யவில்லை. எங்களுக்கு அன்றைக்கே ஸ்டாப்பிங் கிடையாது.

1792-இல் திப்பு சுல்தான் சமாதானத்துக்கு விலையாகப் பாரமகாலைக் கம்பெனியிடம் கொடுத்தார். வரி வசூலிக்க வந்தவர் கேப்டன் அலெக்சாண்டர் ரீட். கச்சேரி போட்ட இடம் திருப்பத்தூர். அவருக்கு உதவியாளராக வந்தவர் தாமஸ் மன்றோ. இவர்கள் இங்கே சோதித்துப் பார்த்த முறைக்குத்தான் ரயத்துவாரி என்று பெயர். நடுவில் ஜமீன்தார் வேண்டாம், மிட்டாதார் வேண்டாம், குடியானவனே, உன்னை நானே நேரில் உரித்துக்கொள்கிறேன் என்பது அதன் சாரம். தோல் தொழில் இந்தப் பகுதிக்கு எப்போது வந்தது என்று ஆராய்கிறவர்கள் இந்த ஆண்டையும் குறித்துக்கொள்ளலாம்.

மன்றோ பின்னாளில் சென்னைக்கு கவர்னரானார். சேணமும் அங்கவடியும் இல்லாத குதிரைமேல் உட்கார்ந்தபடி இன்றும் தீவுத்திடல் பக்கம் நிற்கிறார். பாரமகாலில் ஏழு வருஷம் குப்பை கொட்டியவருக்கு எதையும் பிடித்துக்கொள்ளாமல் உட்காரத் தெரிந்திருக்கும்.

இனி ரயில்.

1856-இல் மெட்ராஸ் ரயில்வே கம்பெனி ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை வண்டி விட்டது. நோக்கம் வாலாஜா அல்ல, மேற்குக் கடற்கரை. தண்டவாளம் பாலாற்றை ஒட்டி ஊர்ந்து வந்தது. 1860-இல் திருப்பத்தூர், 1861-இல் சேலம், 1862-இல் மலையாளக் கரை. இந்தப் பக்கம் ஏலகிரி, அந்தப் பக்கம் ஜவ்வாது மலை, நடுவில் கிடைத்த சந்தில் பாதை. துரைகள் மலைகளைப் பார்த்தார்கள். சந்தைப் பார்த்தார்கள். எங்களைப் பார்த்ததாகத் தெரியவில்லை.

பிறகு பெங்களூர் ஞாபகம் வந்தது. ஊர் இல்லை, கண்டோன்மென்ட். சிப்பாய்களும் துரைசானிகளும் குளிர்ச்சியாக இருக்கிற இடத்துக்கு ரயில் இல்லாமல் எப்படி? ஏலகிரியைச் சுற்றிக்கொண்டு மேற்கே திரும்ப ஒரு முனை வேண்டும். வரைபடத்தில் யாரோ ஒரு இன்ஜினியர் பென்சிலை வைத்தார். பென்சில் நின்ற இடம் ஜோலார்பேட்டை. 1864-இல் பெங்களூர்ப் பாதை திறந்ததும் நாங்கள் ஜங்ஷன் ஆனோம். வெறும் தெருமுனைப் பெட்டிக்கடை பெருமாளுக்கு நேர் வாசல் ஆனது மாதிரி.

அப்போதுதான் பெயரும் கெட்டது. 'ஜோ' வெள்ளைக்காரன் வாயில் நுழையவில்லையோ என்னவோ, 'ஜலார்பேட்' என்று எழுதிவைத்தான். ஜலத்துக்குக் குடத்தோடு அலைகிற ஊருக்கு ஜலம் என்று ஆரம்பிக்கும் பெயர். இந்த எழுத்துப்பிழையைக் கொஞ்சம் ஞாபகத்தில் வையுங்கள். 155 வருஷம் கழித்து மறுபடி வரும்.

இதில் திருப்பத்தூருக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. பெரிய ஊர், ரீட் துரை கச்சேரி வைத்த ஊர், ரயிலும் முதலிலேயே வந்த ஊர். ஆனால் எட்டு கிலோமீட்டர் இப்பால் இருந்த ஒரு பேட்டை ஜங்ஷன் ஆகிவிட்டது. இன்றைக்கும் பெரிய வண்டி பிடிக்க வேண்டுமென்றால் திருப்பத்தூர்க்காரர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு எங்களிடம்தான் வரவேண்டும். வருவார். பிளாட்பாரத்தில் நின்றுகொண்டு, "எங்க ஊரு ஸ்டேஷன் அமைதியா இருக்கும்" என்பார். வண்டி நிற்காவிட்டால் சுடுகாடுகூட அமைதியாகத்தான் இருக்கும் என்று நாங்கள் சொல்வதில்லை. சம்பந்தம் வைத்திருக்கிறோம்.

ஜங்ஷன் ஆனதும் பெரிய மனிதர்கள் வந்தார்கள் என்று சொன்னால் பொய் இல்லை. வந்தார்கள், தூங்கிக்கொண்டு. 1873-இல் மேட்டுப்பாளையம் வரை ரயில் போனது. கோடை வந்தால் சென்னை மாகாண அரசாங்கமே ஊட்டிக்குக் கிளம்பும். கவர்னர், செயலர், குமாஸ்தா, கோப்பு, குதிரை என்று போவதற்கு எங்கள் வழிதான். ஒரு மாகாணத்தையே ஆண்டவர்கள் எங்களைக் கடந்தார்கள். அவர்களிலும் யாராவது ஒருவர் ஷட்டரைத் தூக்கி, பட்லரிடம் "என்ன ஊர்?" என்று கேட்டிருப்பார். பதிலுக்கு அவர் என்ன சொல்லியிருப்பார் என்பதை நான் எழுதவேண்டியதில்லை. ஓகாரம் இங்கிலீஷிலும் உண்டு.

என் தாத்தா லோகோ ஷெட்டில் ஃபயர்மேன். அவர் உடம்பில் கரி போகவே போகாது. பாட்டி அரைத்த சீயக்காயை மலை மலையாகத் தேய்த்தாலும் காது மடிப்பில் ஒரு கோடு மிச்சமிருக்கும். அவர் வேலை பேங்கர் இன்ஜினில். எங்கள் ஊர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 400 மீட்டர் உயரம். பெங்களூர் சுமார் 900. பச்சூர், மல்லானூர், குப்பம் என்று பாதை ஏறிக்கொண்டே போகும். கனமான சரக்கு வண்டியை ஒரு இன்ஜின் இழுக்கத் திணறும். அதனால் பின்னாலிருந்து முட்டுக்கொடுத்துத் தள்ள இன்னொன்று. அதுதான் பேங்கர். மேடு ஏறியதும் கழற்றிவிடுவார்கள். முன்னால் இருப்பவன் விசில் ஊதிக்கொண்டு பெங்களூர் போவான். பின்னால் தள்ளினவன் தனியாகத் திரும்பி இறங்கி வருவான்.

"முப்பது வருஷம் பெங்களூருக்கு வண்டி தள்ளினேன்டா. பெங்களூர ஒரு தடவகூட பார்க்கல" என்பார் தாத்தா. வருத்தமாகச் சொல்லமாட்டார். பீடியை அணைத்துக் காதில் செருகிக்கொண்டே சொல்வார். எங்கள் ஊருக்கு ஒரு சின்னம் வைக்கச் சொன்னால் நான் அந்தப் பின் இன்ஜினை வைப்பேன். நகராட்சி ஒப்புக்கொள்ளாது. ரவுண்டானா இல்லை.

ரயில்தான் நகரும், ஊர் நகராது என்பார்கள். எங்கள் ஊர் நகர்ந்திருக்கிறது. 1911 வரை திருப்பத்தூர் தாலுகா சேலம் மாவட்டத்தில் இருந்தது. அந்த ஆண்டு வட ஆற்காட்டோடு சேர்த்தார்கள். 1989-இல் அது வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டம் ஆனது. பிறகு வேலூர் மாவட்டம். 2019 நவம்பரில் திருப்பத்தூர் மாவட்டம். ஒரே திண்ணையில் அசையாமல் உட்கார்ந்திருந்த ஒரு குடும்பத்துக்கு ஐந்து முகவரி. ரயில்வேயும் தன் பங்குக்கு விடவில்லை. 2007-இல் சேலம் கோட்டம் பிறந்தபிறகு, நாங்கள் சென்னைக் கோட்டத்தின் கடைசி வீடு. தெற்கே தாண்டினால் சேலம் கோட்டம், மேற்கே தாண்டினால் பெங்களூர்க் கோட்டம். பிளாட்பாரத்தில் கூரை ஒழுகினால் மூன்று சம்பந்தி வீட்டில் யாரிடம் சொல்வது என்று யோசிப்பதற்குள் மழை நின்றுவிடும்.

அக்கம்பக்கத்தார் எல்லோருக்கும் ஏதோ ஒரு பெயர் இருக்கிறது. அதுதான் சங்கடம்.

ஏலகிரியை எடுத்துக்கொள்ளுங்கள். பதினான்கு கொண்டை ஊசி வளைவு. ஒவ்வொன்றுக்கும் புலவர் பெயரும் வள்ளல் பெயரும் சூட்டியிருக்கிறார்கள். கம்பரில் தலைசுற்ற ஆரம்பித்து, கபிலரில் வாயைப் பொத்தி, பாரியில் வண்டியை நிறுத்தி வாந்தியெடுத்த சுற்றுலாப் பயணிகளை நானே பார்த்திருக்கிறேன். முல்லைக்குத் தேர் கொடுத்தவன் இதையும் பொறுத்துக்கொள்வான். அந்த மலைக்கு ரயில் கிடையாது, போகவும் முடியாது. ஆனால் சென்னைக்கும் எங்களுக்கும் இடையே ஓடுகிற வண்டிக்கு என்ன பெயர்? ஏலகிரி எக்ஸ்பிரஸ். எங்கள் ஊரில் கிளம்பி, எங்கள் ஊரில் வந்து படுக்கிற வண்டி. பெயர் மட்டும் மாடி வீட்டுக்காரருடையது.

ஜவ்வாது மலையில் காவலூர். வைணு பாப்பு பெயரில் வானாய்வு மையம். 1986-இல் ராஜீவ் காந்தி வந்து பெரிய தொலைநோக்கியைத் தொடங்கிவைத்தார். 1988-இல் அங்கிருந்து ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்து ராமானுஜன் என்று பெயர் வைத்தார்கள். எங்கள் ஸ்டேஷனில் இறங்கித்தான் பல விஞ்ஞானிகள் மலையேறியிருப்பார்கள். அவ்வளவு தூரத்தில் இருப்பது அவர்களுக்குத் தெரிந்தது. இறங்கின ஊர் தெரிந்திருக்குமா என்று கேட்கக் கூடாது. இருட்டில் வேலை பார்க்கிறவர்கள்.

ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை என்று தோல் ஊர்கள் வரிசை. ஆவாரம்பட்டையிலும் கடுக்காயிலும் பதனிட்ட தோல் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே கப்பலேறியது. 1970-களில் தோலைத் தோலாகவே அனுப்புவதற்கு அரசு கடிவாளம் போட்டபிறகு ஷூ கம்பெனிகள் பெருகின. காலை ஏழு மணிக்கு எங்கள் ஊர் முக்கில் நின்று பாருங்கள். கம்பெனி பஸ் வரும். தலையில் கனகாம்பரம், கையில் டிபன் கேரியர், காலில் ரப்பர் செருப்போடு பெண்கள் ஏறுவார்கள். எட்டு மணி நேரம் ஜெர்மனிக்காரனுக்கும் இத்தாலிக்காரனுக்கும் ஷூவின் மேல்பாகம் தைத்துவிட்டு அதே ரப்பர் செருப்போடு இறங்குவார்கள். பக்கத்து வீட்டு அக்கா ஒருமுறை எனக்குக் கணக்கு போட்டுக் காட்டினார். தான் தைத்த ஜோடியில் ஒன்றை வாங்க எத்தனை நாள் கூலி ஆகும் என்று. விரல் விட்டு எண்ணிக்கொண்டே போனவர், இரண்டு கை முடிந்ததும் நிறுத்திவிட்டு, "உடு, நமக்கு கால் வேர்க்கும்" என்றார்.

இந்தத் தொழிலின் இன்னொரு கணக்கு பாலாற்றில் எழுதப்பட்டது. தோல் கழுவின தண்ணீர் ஆற்றிலும் கிணற்றிலும் இறங்கியது. 1996-இல் வேலூர் குடிமக்கள் நலமன்ற வழக்கில் உச்ச நீதிமன்றம், மாசு செய்தவனே செலவைக் கொடுக்கவேண்டும் என்று சொன்ன தீர்ப்பை இன்றும் சட்டக் கல்லூரிகளில் படிக்கிறார்கள். தீர்ப்பு நாடெங்கும் ஓடியது. ஆறு ஓடவில்லை. பாலாறு கைவிட்ட மாவட்டத்துக்குக் குழாயில் காவிரியைக் கொண்டுவந்தார்கள். கூட்டுக் குடிநீர்த் திட்டம். அந்தக் குழாய் எங்கள் பக்கமும் வந்தது.

இப்போது அந்த எழுத்துப்பிழைக்கு வருவோம்.

2019 கோடை. பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் ஏரிகள் நான்கும் வெடித்த நிலமாகக் கிடந்தன. சென்னையில் ஐ.டி. கம்பெனிகள் "வீட்டிலிருந்தே வேலை செய்யுங்கள், வீட்டிலேயே குளியுங்கள்" என்று ஆட்களை அனுப்பிய நேரம். கோட்டையில் யாரோ வரைபடத்தை விரித்திருக்கிறார்கள். மறுபடி ஒரு பென்சில். மறுபடி ஜோலார்பேட்டை.

மேட்டுச் சக்கரகுப்பத்தில் காவிரித் தண்ணீர், அங்கிருந்து குழாய், பக்கத்திலேயே தண்டவாளம். அரசு 65 கோடி ரூபாய் ஒதுக்கியது. ராஜஸ்தானிலிருந்து டேங்கர் வேகன்கள் வந்தன. பாலைவனத்திலிருந்து தண்ணீர் வண்டி! காட்பாடி எம்.எல்.ஏ. துரைமுருகன், எங்கள் பக்கத்துத் தண்ணீரை எடுத்தால் போராட்டம் வெடிக்கும் என்று எச்சரித்து, பிறகு அதற்கு விளக்கமும் கொடுத்தார். எங்களுக்கோ கோபப்படுவதா, பெருமைப்படுவதா என்று புரியவில்லை. 155 வருஷத்தில் முதல்முறையாக எங்களிடம் ஒருவர் ஏதாவது கேட்கிறார். டீயைத் தவிர.

ஜூலை 12 காலையில் ஐம்பது வேகன்களோடு வண்டி கிளம்பியது. 25 லட்சம் லிட்டர். குடகில் பிறந்து, கர்நாடகத்தோடு சண்டை போட்டு வாங்கி, குழாயில் மேடேறி வந்த காவிரி, எங்கள் ஊரில் ரயிலேறி வில்லிவாக்கத்தில் இறங்கியது. இறங்கிய இடத்தில் அமைச்சர்கள் வரவேற்றார்கள். தொலைக்காட்சிகள் நேரலை காட்டின. அத்தனை சேனலிலும் அடியில் ஓடிய எழுத்தில் ஜோலார்பேட்டை, ஜோலார்பேட்டை. வெள்ளைக்காரன் தெரியாமல் வைத்த ஜலம் அன்றைக்குத்தான் பெயருக்குப் பொருந்தியது. அன்றைய சென்னைக்கு ஒரு நாளைக்கு விநியோகமே 52 கோடி லிட்டர் என்பதையும் அதில் 25 லட்சம் எந்த மூலைக்கு என்பதையும் கேட்கக் கூடாது. யானைப் பசிக்கு ஜோலார்ப்பொரி. ஆனால் பொரி போட்டது நாங்கள்.

அக்டோபரில் மழை வந்தது. வண்டியை நிறுத்தினார்கள். ஏரியில் தண்ணீர் ஏறியதும் பேங்கரைக் கழற்றிவிட்டார்கள் என்று நான் நினைத்துக்கொண்டேன். 2022-இல் சென்னையிலிருந்து மைசூருக்கு வந்தே பாரத் விட்டார்கள். தென்னிந்தியாவின் முதல் வந்தே பாரத். நிறுத்தம் காட்பாடி, பிறகு நேரே பெங்களூர். வெள்ளை வண்டி எங்கள் பிளாட்பாரத்தைச் சீவிக்கொண்டு போகிறது. அதில் ஷட்டர்கூடக் கிடையாது, கண்ணாடி. எந்த ஊர் என்று கேட்கவும் வழியில்லை.

அந்த 2019 ஆகஸ்டில் நான் சென்னையில், அயனாவரத்தில் ஒரு மாடி போர்ஷனில் குடியிருந்தேன். இரண்டு நாளுக்கு ஒருமுறை தெருக்குழாயில் தண்ணீர் வரும். பச்சைக் குடம், நீலக் குடம், பெயின்ட் டப்பா என்று முக்கு வரை வரிசை. ஒருநாள் என் முறை வந்தது. குழாயிலிருந்து விழுந்ததை உள்ளங்கையில் ஏந்திக் கொஞ்சம் குடித்தேன். கண்டிப்பாக நம்ம தண்ணிதான் என்று நாக்கு சொன்னது. கீழ்ப்பாக்கம் நீரேற்று நிலையத்தில் எந்தத் தண்ணீரோடு எதைக் கலந்தார்களோ, நாக்குக்கு என்ன தெரியும்? ஆனாலும் நெஞ்சு நிமிர்ந்துவிட்டது. பின்னால் நின்ற அக்காவிடம் திரும்பி, கேட்காமலே சொன்னேன்.

"இது எங்க ஊரு தண்ணிக்கா."

"எந்த ஊரு?"

"ஜோலார்பேட்டை."

"ஓ."

கொஞ்சம் யோசித்தார். நான் காத்திருந்தேன். தாத்தா, மன்றோ, ஹைதர் அலி, எல்லோரும் என்னோடு காத்திருந்தார்கள்.

"உங்க ஊரு தண்ணின்னா அங்கயே புடிச்சினு வந்திருக்கலாம் இல்ல? கொடத்த நவுத்துங்க, பின்னாடி ஆளு நிக்கிறாங்க."